மன்னி உட்கார்ந்த சனிக்கிழமை

மன்னி என்றதும் எனக்கு முகம் ஞாபகத்துக்கு வருவதில்லை. பாதங்கள்தான் வருகின்றன. பெஹாலா வீட்டின் பின்னறையில் பாயை விரித்து மல்லாந்து படுத்து, இரண்டு கால்களையும் சுவரில் நேராக நிமிர்த்தி வைத்திருக்கிறாள். புடவை நழுவாதபடி கொசுவத்தை முழங்கால்களுக்கு நடுவே இடுக்கிக்கொண்டிருக்கிறாள். ஒரு பெருவிரல் நகம் கறுத்துக் கிடக்கிறது. அடுப்படியில் நின்று நின்று வந்த வெடிப்புகள் குதிகாலில், ஓடி ஓடி வந்த காய்ப்பு முன்பாதத்தில். வாசலில், திவசம் செய்துவைக்கும் வாத்தியார்களின் ஸ்கூட்டர் வந்து நிற்கும் சத்தம் கேட்கிறது. கதவிடுக்கு வழியாக அந்தப் பாதங்களைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன். அப்படியொரு பொய்யை எங்கள் வீட்டில் அதற்கு முன்னால் யாரும் சொன்னதில்லை.

முறைக்கு அவள் எனக்கு ஓர்ப்படி, என் கணவரின் அண்ணா மனைவி. அவர் மன்னி என்று கூப்பிட்டதால் நானும் அப்படியே கூப்பிட்டேன். மாமனார் ஒரு பொதுத்துறைக் கம்பெனியில் வேலை கிடைத்துக் கும்பகோணத்திலிருந்து கல்கத்தா வந்தவர். பெஹாலாவில் மனை வாங்கி வீடு கட்டி, ரிட்டையர் ஆன கொஞ்ச நாளில் போய்ச் சேர்ந்துவிட்டார். மாமியார் ஊரை விட்டு வந்தாரே தவிர, மடியை விட்டு வரவில்லை. அக்கம்பக்கமெல்லாம் மீன் வறுக்கும் தெருவில், எங்கள் வீட்டுச் சமையலறைக்குள் குளிக்காமல் ஒருத்தரும் கால் வைக்க முடியாது. மாதத்தில் மூன்று நாள் மருமகள்கள் பின்னறையில்தான் இருக்க வேண்டும். அங்கே ஒரு பாய், ஒரு தட்டு, ஒரு தம்ளர். சாப்பாடு கதவோரம் வரும்.

நான் சென்னையில் வளர்ந்து, வேலைக்கும் போய்விட்டுக் கல்யாணமாகி வந்தவள். வாய் கொஞ்சம் நீளம். வந்த முதல் மாதமே, எங்கம்மா ஆத்துல இந்த வழக்கமெல்லாம் கிடையாது, நான் உட்கார மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். பூகம்பம் வரும் என்று எல்லோரும் பயந்தார்கள். மாமியார் கத்தவில்லை. "அப்படின்னா எங்கிட்ட சொல்லாதே. நானும் கேக்கமாட்டேன்" என்றார், அவ்வளவுதான். அன்றிலிருந்து நான் சொன்னதுமில்லை, அவர் கேட்டதுமில்லை. ஜெயித்துவிட்டேன் என்ற மிதப்பில் மன்னியையும் உசுப்பிவிடப் பார்த்தேன். அவள் சிரித்தாள். "இந்த ஆத்துல எனக்கு லீவுன்னு இருக்கறதே அந்த மூணு நாள்தான். புண்ணியமாப் போறது, அதையும் பிடுங்கிடாதேடி" என்றாள். எனக்குச் சுருக்கென்றது.

மன்னிக்கு ஒரு குறை உண்டு. அதை அவளே சொல்லிக்கொள்வாள். எதையும் முடித்ததில்லை. பி.காம். கடைசி வருஷத்தில் கல்யாணம் வந்தது. பாட்டு பாதியில் நின்றது. கல்கத்தா வந்தபின் பக்கத்து வீட்டு அம்மாவிடம் பெங்காலி எழுதப் படிக்க ஆரம்பித்தாள், பெண் பிறந்தாள், அதுவும் நின்றது. நாற்பதைத் தாண்டியபோது டாக்டர் சர்க்கரை எல்லையில் நிற்கிறது, தினம் நடங்கள் என்றார். விடிவதற்கு முன் ஆட்டோ பிடித்து ரவீந்திர சரோபர் ஏரிக்கரைக்குப் போக ஆரம்பித்தாள். அங்கே சில பெங்காலிப் பெண்கள் கூட்டமாக ஓடுவார்கள். அவர்களுக்குத் தலைவி போலிருந்தவளை எல்லோரும் பௌதி, அதாவது அண்ணி, என்று கூப்பிடுவார்கள். அவள், நடந்துகொண்டிருந்த இவளை ஒருநாள் கையைப் பிடித்து இழுத்துக் கூட்டத்தில் சேர்த்துக்கொண்டாள். ஒரு மின்கம்பத்திலிருந்து அடுத்த மின்கம்பம் வரை ஓடுவது, பிறகு நடப்பது. அப்படி ஆரம்பித்தவள், இரண்டு வருஷத்தில் டிசம்பரில் நடக்கும் இருபத்தைந்து கிலோமீட்டர் ஓட்டத்துக்குப் பெயர் கொடுக்கும் அளவுக்கு வந்துவிட்டாள். ஷூவை மாடிப்படிக்குக் கீழே, மாமியார் கண்ணில் படாமல் வைத்திருந்தாள்.

முதல் தடவை அவளால் முடிக்க முடியவில்லை. அந்த வருஷம் ஓட்டத்துக்கு முந்தின நாள் வீட்டில் உறவுக்காரப் பெண் ஒருத்திக்குச் சீமந்தம். காலையிலிருந்து சாயங்காலம் வரை நின்றுகொண்டே சமைத்தாள், பரிமாறினாள், பாத்திரம் எடுத்து வைத்தாள். சாப்பிட்டாளா என்று யாரும் கேட்கவில்லை, நான் உட்பட. மறுநாள் பாதி தூரத்துக்கு மேல் கால் இரண்டும் மரக்கட்டையாகிவிட்டன. குறித்த நேரத்துக்குள் வராதவர்களை ஏற்றிக்கொள்ள, சாலையைத் திறந்துவிடுவதற்கு முன்னால் ஒரு பஸ் பின்னாலேயே வரும். அது இவளையும் ஏற்றிக்கொண்டது. வீட்டுக்கு வந்து அழவில்லை. "பஸ்ஸுல ஜன்னலோரம் சீட்டுக் கெடச்சுதுடி" என்றாள். நான் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை என்பதைப் பிறகுதான் கவனித்தேன்.

அண்ணா, அதாவது மன்னியின் கணவர், நல்லவர்தான். ஆனால் நாலு பேர் என்ன சொல்வார்கள் என்பதைத் தலையணைக்கடியில் வைத்துக்கொண்டு தூங்குகிற மனுஷர். அடுத்த வருஷம் மன்னி மறுபடி பெயர் கொடுத்தபோது, இந்த ஒரு தடவை போ, இதிலும் முடிக்காவிட்டால் இதோடு விட்டுவிடு, பாங்கில் எல்லோரும் கேட்கிறார்கள் என்று சொல்லிவிட்டார். மன்னி தலையாட்டினாள். அவள் தலையாட்டினால் ஆட்டினதுதான். இதுவும் பாதியில் நின்றால் இனி எதையுமே தொடமாட்டாள் என்று எனக்குத் தெரியும்.

பௌதி கண்டிப்பானவள். ஓட்டத்துக்கு இரண்டு வாரம் முன்னால் நானும் மன்னியோடு ஏரிக்கரைக்குப் போயிருந்தேன். அப்போது என்னையும் நிற்கவைத்து, பாதி பெங்காலி பாதி இந்தியில் சொன்னாள். பயிற்சியெல்லாம் முடிந்துவிட்டது, இனிமேல் கெடுக்காமல் இருந்தால் போதும். கடைசி நாள் நிற்கக் கூடாது. கரியாஹாட் பக்கம் கடைகண்ணி என்று கிளம்பிவிடக் கூடாது. காலைத் தூக்கி வைத்துக்கொண்டு கிடக்க வேண்டும். வேளாவேளைக்குச் சோறு, உருளைக்கிழங்கு, வாழைப்பழம், கொஞ்சம் உப்புத் தூக்கலாக. ராத்திரி வயிறு முட்டச் சாப்பிட்டுப் பயனில்லை, பகலிலேயே சாப்பிட்டுவிட வேண்டும். புதுசாக எதையும் காலிலும் போடாதே, வாயிலும் போடாதே. கடைசியாக மன்னியின் தோளைப் பிடித்துக்கொண்டு, "ஷுது ஆராம் கொரோ" என்றாள். ஓய்வெடு, வேறொன்றும் வேண்டாம் என்று அர்த்தம். சொல்லிவிட்டாள் மகராசி. எங்கள் வீட்டில் மூத்த மருமகள் ஒருநாள் முழுக்கக் காலைத் தூக்கி வைத்துக்கொண்டு கிடப்பதற்கு எந்தச் சாஸ்திரத்தில் இடமிருக்கிறது?

அதிலும் அந்த வருஷம் வந்ததே ஒரு சோதனை. மாமனாரின் திவசம் ஓட்டத்துக்கு முந்தின சனிக்கிழமையில் விழுந்தது. திவசம் என்றால் சாதாரணச் சமையல் இல்லை. விடியற்காலை தலைக்குக் குளித்து மடிசார் கட்டிக்கொண்டு அடுப்பை மூட்டினால், வாத்தியார்கள் சாப்பிட்டுக் கைகழுவும் வரை உட்கார முடியாது. பத்துப் பன்னிரண்டு பதார்த்தம். அதுவரை வீட்டில் யார் வாயிலும் பச்சைத் தண்ணீர் போகாது. செய்வது மூத்த பிள்ளை, சமைப்பது அவர் மனைவி. பௌதி எதையெல்லாம் செய்யாதே என்றாளோ, அத்தனையும் ஒரே நாளில். சமையலுக்கு முழுக்க ஆள் வைத்துக்கொள்ளலாமே என்று நான் மெல்லப் போட்டுப்பார்த்தேன். அண்ணா என்னைப் பார்த்த பார்வையில் அந்தப் பேச்சை அப்படியே விழுங்கிவிட்டேன். அந்த ஒரு மாசமும் மன்னி காலையில் போய் ஓடிவிட்டு வருவாள், வந்து காலண்டரைப் பார்ப்பாள், அடுப்படிக்குப் போவாள்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் நானும் மாமியாரும் சமையலறையில் எள்ளைப் புடைத்துக்கொண்டிருந்தோம். மன்னி குளியலறையிலிருந்து வந்தாள். உள்ளே வரவில்லை. நிலைப்படிக்கு வெளியிலேயே நின்று, "அம்மா, நான் ஆத்துல இல்லே" என்றாள்.

எங்கள் பேச்சில் அதற்கு ஒரே அர்த்தம்தான். மூன்று நாள் பின்னறை. நான் முறத்தைக் கீழே வைத்துவிட்டு அவளைப் பார்த்தேன். ஏனென்றால் அவள் பின்னறையில் உட்கார்ந்து எழுந்து பத்துப் பதினைந்து நாள்தான் ஆகியிருந்தது. அப்போது சாப்பாடு கொண்டுபோய் வைத்தவளே நான்தான். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்களே, அது இதுதான். மாமியார் தலை நிமிரவில்லை. எள்ளில் கிடந்த ஒரு கல்லைத் தேடி எடுத்து வெளியே போட்டார். "சரி, போய் உக்காரு" என்றார்.

அதோடு முடியவில்லை. வாத்தியாருக்குப் போன் போட்டார்கள். காரியம் செய்யும் கர்த்தாவின் மனைவி விலகியிருந்தால் சில பேர் ஐந்தாம் நாளுக்குத் தள்ளிச் செய்வார்கள், சில பேர் அன்றைக்கே செய்துவிடுவார்கள், உங்காத்து வழக்கம் என்ன மாமி என்று அவர் கேட்டார். போன் ஸ்பீக்கரில் இருந்தது. பின்னறைக் கதவுக்குப் பின்னால் மன்னி மூச்சை அடக்கிக்கொண்டு நிற்பது எனக்குத் தெரிந்தது. ஒரு பொய்க்காகப் பித்ரு காரியத்தின் தேதியே மாறிவிட்டால், மன்னி அந்த நிமிஷமே வெளியில் வந்து உண்மையைச் சொல்லிவிடுவாள். அவ்வளவு தூரம் தாங்குகிற மனசு அவளுக்கு இல்லை. மாமியார், "அன்னிக்கே பண்ணிடலாம். சின்னவ இருக்கா, நான் இருக்கேன். லேக் மார்க்கெட்டிலேர்ந்து சமையல் மாமியையும் ஒத்தாசைக்குக் கூப்டுக்கறேன்" என்றார். சின்னவள் என்றால் நான். நான் தாளிக்கிற ரசத்துக்கே அந்த வீட்டில் மதிப்புக் கிடையாது.

சனிக்கிழமை விடியற்காலை குளிக்கப் போனேன். வெளியில் பனிமூட்டம், தண்ணீர் வெட்டியது. குளியலறையில்தான் தெரிந்தது. எனக்கு வந்துவிட்டது. இன்னும் ஒரு வாரம் கழித்து வர வேண்டியது. சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சிரிப்பதா அழுவதா என்று புரியவில்லை. வராதவள் வந்துவிட்டது என்று சொல்லி உள்ளே கிடக்கிறாள். வந்தவள் மடிசார் கட்டிக்கொண்டு திவசச் சமையலுக்குப் போக வேண்டும். இத்தனை வருஷம் இதிலெல்லாம் எனக்கு நம்பிக்கை இல்லை என்று மார்தட்டியவள் நான். ஆனால் செத்துப்போன ஒரு மனுஷருக்குப் போடுகிற சோற்றில் கை வைக்கப்போகிறோம் என்று நினைத்து, கையை மறுபடி மறுபடி கழுவினேன். அதை ஒத்துக்கொள்வதில் எனக்கு வெட்கமில்லை. நம்பிக்கை இல்லாவிட்டாலும் பயம் இருக்கும் போலிருக்கிறது.

உண்மையைச் சொன்னால் என்ன ஆகும் என்று ஈரத்தலையோடு யோசித்தேன். நானும் பின்னறைக்குப் போவேன். மாமியார் சமையல் மாமியை மட்டும் வைத்துக்கொண்டு முட்டிவலியோடு அடுப்படியில் நிற்பார். அதைப் பார்த்துக்கொண்டு மன்னி படுத்திருக்க மாட்டாள், எழுந்து வந்துவிடுவாள். அப்புறம் அந்த ஓட்டம் அவ்வளவுதான். நான் மடிசாரைக் கட்டினேன். கொசுவம் சரியாக வரவில்லை. இரண்டு தடவை அவிழ்த்துக் கட்டினேன்.

அன்றைய காலையை நினைத்தால் இன்றும் எனக்கு உடம்பு சூடாகிறது. சமையல் மாமி மிளகுக் குழம்பைக் கொதிக்கவைத்துவிட்டு வடைக்கு அரைத்தாள். வாழைக்காய், பாகற்காய், சேப்பங்கிழங்கு எல்லாம் என் தலையில். அடிவயிறு முறுக்கிப் பிழிந்தது. மாத்திரை போட வேண்டுமென்றால் தண்ணீர் குடிக்க வேண்டும். யார் கண்ணிலாவது பட்டால் போச்சு. மாமியார் என் பக்கம் திரும்பும்போதெல்லாம் எனக்குத் திக்கென்றது. மடியில் கனமிருந்தால் வழியில் பயம் இருக்கத்தானே செய்யும். நான் பாகற்காய் நறுக்குவதைக் கொஞ்ச நேரம் பார்த்தவர், "நின்னுண்டு நறுக்காதே. மணையைப் போட்டுண்டு உக்காரு" என்றார். மெதுவாக நறுக்குகிறேன் என்று குத்திக்காட்டுகிறார் என நினைத்து எனக்குக் கோபம் வந்தது. உட்கார்ந்தேன், ஆனால் மணையைச் சத்தமாகப் போட்டேன். நம் அசட்டுக் கோபம் எந்த வேளையில் வரும் என்று சொல்ல முடியாது.

பத்து மணி வாக்கில் அவரே ஒரு கிண்ணத்தில் தயிரவலும் இரண்டு வாழைப்பழமும் எடுத்து நகர்த்தினார். பின்னறையில் வைத்துவிட்டு வரச் சொன்னார். அங்கே உட்கார்ந்திருப்பவர்களுக்கு இந்தப் பட்டினியெல்லாம் கிடையாது, வெறும் வயிற்றோடு கிடக்க வேண்டாம், உப்புக் கொஞ்சம் கூடப் போட்டிருக்கிறேன் என்றார். அப்பாடா என்றிருந்தது எனக்கு. முந்தின நாளே வேகவைத்த உருளைக்கிழங்கைப் பொட்டலம் கட்டி மன்னியின் பாய்க்கடியில் ஒளித்துவைத்திருந்தேன். இனி அது மட்டுமே கதியில்லை.

கதவைத் திறந்தபோதுதான் மன்னி அப்படிக் காலைச் சுவரில் வைத்துக் கிடந்தாள். என் காலடி கேட்டு எழுந்து உட்கார்ந்தாள். கிண்ணத்தைக் கீழே வைக்கக் குனிந்த நான், நிமிர முடியாமல் நிலையைப் பிடித்துக்கொண்டேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள், இடுப்பில் இருந்த என் கையைப் பார்த்தாள். ஒரு வீட்டில் இத்தனை வருஷம் சேர்ந்து குடித்தனம் செய்தவளுக்கு வேறென்ன வேண்டும்? அவளுக்குப் புரிந்துவிட்டது. பாயைச் சுருட்டிக்கொண்டு எழுந்துவிட்டாள்.

"தப்புடி. பெரிய தப்பு. நான் போய்ச் சொல்லிடறேன். நீ வந்து படு" என்றாள்.

எனக்குப் பயம் போய் ஆத்திரம் வந்தது. கதவை ஒருக்களித்துவிட்டு, குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னேன். "நீங்க இப்போ எழுந்து வந்தேள்னா, நானும் சொல்லிடுவேன். ரெண்டு பேரும் பொய் சொன்னோம்னு ஆயிடும். காரியம் நின்னுடும். பேசாம உக்காருங்கோ மன்னி. காலைத் தூக்கி வெச்சுக்கோங்கோ."

"பாவம்டி..."

"பாவத்துல பாதி எனக்கு. நீங்க முடிச்சுட்டு வாங்கோ, போறும்."

அவள் நின்றுகொண்டே இருந்தாள். கூடத்தில் வாத்தியார் அண்ணாவைப் பவித்திரம் போட்டுக்கொள்ளச் சொல்லிக்கொண்டிருந்தார். மன்னி திரும்பவும் பாயை விரித்தாள். கிண்ணத்தை எடுத்து, கண்ணீர் வழிய வழிய அந்த அவலை ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டாள். அவ்வளவு கடினமான வேலையை அவள் அதற்கு முன்னால் செய்ததில்லை என்று நினைக்கிறேன்.

காக்காய்க்குப் பிண்டம் வைக்க மாடிக்குப் போனபோது எனக்கு உயிரே இல்லை. பெஹாலாவில் காக்காய்க்கா பஞ்சம்! மற்ற நாளில் காய்கிற வடாமைக்கூட விடாது. அன்று ஒன்றுகூட வரவில்லை. அண்ணா கா கா என்று கூப்பிட்டார். என் கணவர் கூப்பிட்டார். மாமியார் கையைக் கூப்பிக்கொண்டு நின்றார். மாமனாருக்குத் தெரிந்துவிட்டது, இரண்டு மருமகள்களின் லட்சணமும் மேலே போய்ச் சேர்ந்துவிட்டது என்று நான் கல்லாக நின்றேன். கொஞ்ச நேரம் கழித்துப் பக்கத்து வீட்டுத் தென்னையிலிருந்து ஒன்று இறங்கி வந்து கொத்திவிட்டு, இன்னொன்றையும் கூப்பிட்டது. எல்லோரும் மூச்சு விட்டார்கள். நான்தான் அவர்களிலேயே பெரிதாக விட்டிருப்பேன்.

சாயங்காலம் மன்னி ஜன்னலோரம் எல்லாவற்றையும் எடுத்து வைத்தாள். பழைய ஷூ, பழைய சாக்ஸ், சட்டையில் நாலு மூலையிலும் ஊக்குக் குத்திய நம்பர். நகத்தை வெட்டிக்கொண்டாள். மடித்த சட்டையைப் பிரித்து மறுபடி மடித்தாள். தூக்கம் வரவில்லை என்றாள். தூங்காவிட்டாலும் பரவாயில்லை, கண்ணை மூடிக்கொண்டு கிடந்தால் போதுமென்று பௌதி சொன்னதை ஞாபகப்படுத்திவிட்டு வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை இருட்டோடு, அண்ணாவும் அவளும் பின்பக்கப் படி வழியாகக் கிளம்பினார்கள். மாமியார் அதற்குள் எழுந்து ஸ்வாமி முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். பின்னறையில் இருப்பவள் எங்கே போகிறாள் என்று அவர் கேட்கவில்லை. நான் கூடத்தில் போனை வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஓடும் வழியில் அங்கங்கே தரையில் பட்டை விரித்திருப்பார்கள், அதை மிதித்தால் போனில் அவள் பெயருக்கு எதிரே நேரம் விழும். முதல் இரண்டு இடம் விழுந்தது. மூன்றாவது விழவில்லை. நான் போனைத் தட்டினேன், அணைத்துப் போட்டேன். போன வருஷம் பஸ் ஏற்றிக்கொண்டது அந்த இடத்துக்குப் பக்கத்தில்தான். ஸ்தோத்திரம் சொல்லிக்கொண்டிருந்த மாமியார் நடுவில் நிறுத்தி, "என்னவாம்?" என்றார். இன்னும் ஒன்றும் தெரியவில்லை என்றேன். விட்ட இடத்திலிருந்து மறுபடி சொல்ல ஆரம்பித்தார். குரல் கொஞ்சம் உயர்ந்திருந்தது.

அப்புறம் அண்ணாவின் போன் வந்தது. அவருக்குப் பேச்சு வரவில்லை. பின்னால் மேளச் சத்தம். "முடிச்சுட்டா. பஸ் பின்னாடியே வந்துது. அதுக்கு முன்னாடி ஓடி வந்துட்டா" என்றார். நாலு பேரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. அழுதுகொண்டிருந்தார் என்று நினைக்கிறேன்.

இப்போது மன்னியும் அண்ணாவும் பெண்ணோடு பெங்களூரில் இருக்கிறார்கள். அங்கேயும் ஏதோ ஒரு ஏரியைச் சுற்றி ஓடிக்கொண்டிருக்கிறாள். விட்டுப்போன பட்டப்படிப்பைத் தபால் மூலம் முடித்தாள். மாமியார் இல்லை. பின்னறையில் நாங்கள் வாஷிங் மெஷின் போட்டிருக்கிறோம். யாரும் அங்கே உட்காருவதில்லை. அதில் எனக்கு வருத்தம் ஒன்றுமில்லை, அந்த வழக்கம் தொலைந்ததில் சந்தோஷம்தான். ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமை நடந்ததை மட்டும் எந்தப் பக்கம் சேர்ப்பது என்று எனக்கு இன்னமும் தெரியவில்லை.

அன்று வெயில் ஏறியபின் மன்னி வந்தாள். நொண்டி நொண்டிப் பின்பக்க வழியாகத்தான் வந்தாள். கழுத்தில் மெடல், சட்டையெல்லாம் உப்புப் பூத்திருந்தது. அவள் பெண் மாடியிலிருந்து தடதடவென்று இறங்கி, பெங்காலியில் ஏதோ கத்திக்கொண்டு கட்டிக்கொள்ள ஓடினாள். பாதி வழியில் நின்றுவிட்டாள். அம்மா விலகியிருக்கிறாள், தொடக் கூடாது. அண்ணா நாலடி தள்ளிக் கையைப் பிசைந்துகொண்டு நின்றார். என் கணவர் தூரத்திலிருந்தே கைதட்டினார். மன்னி பின்னறை வாசலில் தனியாக நின்று எல்லோரையும் பார்த்துச் சிரிக்க முயன்றாள். வாழ்க்கையில் முதல்முதலாக ஒன்றை முடித்துவிட்டு வந்திருக்கிறாள், அவளைத் தொட ஒரு கை இல்லை. அவள் சொன்ன பொய்யே அவளைச் சுற்றி வேலி போட்டுவிட்டது.

எனக்குப் பொறுக்கவில்லை. ஆனது ஆகட்டும் என்று நேராகப் போய் அவளைக் கட்டிக்கொண்டேன். வேர்வையும் உப்புமாக இருந்தாள். என் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதாள். நானும் அழுதேன். நிமிர்ந்தபோது சமையலறை நிலைப்படியில் மாமியார் நின்றுகொண்டிருந்தார். தொட்டுவிட்டாயே, போய்த் தலைக்குக் குளி என்று சொல்லப்போகிறார் என்று எதிர்பார்த்தேன். பதிலும் தயாராக வைத்திருந்தேன்.

அவர் மன்னியைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நீயும் அங்கேயே உக்காரு. நேத்து முழுக்க முடியாம நின்னாச்சு. போறும்" என்றார்.

கேட்கமாட்டேன் என்று சொன்னவர், இத்தனை வருஷமும் கேட்காமலே எல்லாம் தெரிந்துவைத்திருந்திருக்கிறார். வராதவளை உள்ளே உட்காரவைத்தார், வந்தவளை அடுப்படியில் மணை போட்டு உட்காரவைத்தார். அது அவருடைய கணவருக்குச் செய்யும் காரியம். அவர் உயிராகக் காத்த மடி. எங்களைப் போலப் பாதி நம்பிப் பாதி பயந்தவர் இல்லை அவர், முழுக்க நம்பியவர். நம்பிக்கொண்டேதான் விட்டுக்கொடுத்திருக்கிறார்.

உள்ளே அவர் இரண்டு தட்டுகளை எடுத்து வைக்கும் சத்தம் கேட்டது. நானும் மன்னியும் பாயில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தோம்.